குழந்தைக்கு மாதம் எவ்வளவு? பராமரிப்புத் தொகை முடிவாகும் விதம்

பிரிந்து வாழும் கணவனோ மனைவியோ வக்கீலிடம் முதலில் கேட்பது "சம்பளத்துல எத்தனை பர்சென்ட் சார்?" என்பதைத்தான். இந்தியச் சட்டம் எதிலும் குழந்தைக்கென்று இத்தனை சதவீதம் என்று எழுதி வைக்கவில்லை. பிரிட்டனில் எழுதி வைத்திருக்கிறார்கள். வாரம் 200 முதல் 800 பவுண்டு வரை மொத்த வருமானம் உள்ள பெற்றோர் ஒரு குழந்தைக்கு 12 சதவீதமும், இரண்டுக்கு 16 சதவீதமும், மூன்றோ அதற்கு மேலோ இருந்தால் 19 சதவீதமும் தர வேண்டும். கால்குலேட்டர் இருந்தால் போதும், தொகை தெரிந்துவிடும். நம் ஊர்க் குடும்பநல நீதிமன்றத்தில் அந்தக் கணக்கை நீதிபதி ஒவ்வொரு வழக்குக்கும் புதிதாகப் போடுகிறார். அதற்கு அவர் கையில் இருப்பது இரு தரப்பும் தாக்கல் செய்த காகிதங்கள் மட்டுமே. குழந்தையின் செலவுப் பட்டியலை யார் ஒழுங்காக எழுதி, ரசீதோடு கொடுக்கிறார்களோ அவர்கள் சொல்லும் தொகைக்கு அருகில்தான் பெரும்பாலும் உத்தரவு வந்து நிற்கும்.

அப்படியானால் ஊரெல்லாம் சொல்லும் "25 சதவீதம்" எங்கிருந்து வந்தது? கல்யாண் டே சௌத்ரி எதிர் ரீட்டா டே சௌத்ரி வழக்கில் 2017-ல் உச்ச நீதிமன்றம், கணவரின் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதம் மனைவிக்கு நியாயமான தொகையாக இருக்கும் என்று 1970-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றை எடுத்துக்காட்டிச் சொன்னது. அதே வழக்கின் முடிவைப் பாருங்கள். கணவரின் நிகரச் சம்பளம் 95,527 ரூபாய். உயர் நீதிமன்றம் நிர்ணயித்த 23,000 ரூபாயை உச்ச நீதிமன்றம் 20,000 ஆகக் குறைத்தது. அது மனைவிக்கும் மகனுக்கும் சேர்த்து. கிட்டத்தட்ட 21 சதவீதம்தான். கணவர் மறுமணம் செய்துகொண்டதும் அதில் ஒரு குழந்தை இருந்ததும் கணக்கில் வந்தன. ஆக, 25 என்பதைச் சொன்ன தீர்ப்பே அதை அப்படியே போடவில்லை. தவிர, அந்தப் பேச்சு மனைவிக்கான தொகையைப் பற்றியது. குழந்தையின் தேவை தனிக் கணக்கு.

எந்தச் சட்டத்தில் கேட்பது?

வழிகள் பல இருக்கின்றன. மதம் பார்க்காமல் எல்லோருக்கும் பொதுவானது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் (சுருக்கமாக பி.என்.எஸ்.எஸ்.) 144-வது பிரிவு இருக்கிறது. முறையான திருமணத்தில் பிறக்காத குழந்தைக்கும் இது பொருந்தும். இஸ்லாமியக் குழந்தைகளுக்கும் பொருந்தும் என்பதை 1997-லேயே நூர் சபா கத்தூன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. இந்துக்களில் விவாகரத்து வழக்கு நடந்துகொண்டிருந்தால் இந்து திருமணச் சட்டத்தின் 26-வது பிரிவில் குழந்தையின் பராமரிப்பையும் படிப்புச் செலவையும் கேட்கலாம். வழக்கு நடக்கும் காலத்துக்கான மனுவை எதிர்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் கூடியவரை முடிக்க வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. நடைமுறையில் அந்தக் கெடு அடிக்கடி தாண்டிப் போகிறது என்பது வேறு விஷயம். விவாகரத்து வழக்கே இல்லாவிட்டாலும் 1956-ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு இருக்கிறது. அது தந்தையை மட்டுமல்ல, தாயையும் கடமைப்பட்டவராக வைக்கிறது. குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் 20-வது பிரிவிலும் பெண் தனக்கும் குழந்தைகளுக்கும் கேட்கலாம்.

இரண்டு இடத்தில் மனு போட்டால் இரண்டு தொகையும் சேர்ந்து வரும் என்று நினைத்துவிட வேண்டாம். முதல் உத்தரவில் 8,000 கிடைத்து, பிறகு வேறு நீதிமன்றம் 15,000 போதுமானது என்று கருதினால், ஏற்கெனவே வரும் 8,000-ஐக் கழித்துக்கொண்டுதான் மிச்சத்தைத் தரச் சொல்லும். முந்தைய வழக்கையும் உத்தரவையும் இரண்டாவது மனுவில் கட்டாயம் சொல்லியாக வேண்டும். மறைத்தது பின்னால் தெரியவந்தால் மனுதாரர் சொல்வது எதையும் நீதிமன்றம் சந்தேகத்தோடுதான் பார்க்கும்.

வருமானக் கணக்கு

2020 நவம்பர் 4 அன்று ரஜ்னேஷ் எதிர் நேகா வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்புதான் இன்றைய நடைமுறைக்கு அடிப்படை. அதன்படி இரு தரப்பும் தங்கள் சொத்து, கடன், வருமானம், செலவு எல்லாவற்றையும் குறிப்பிட்ட படிவத்தில் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். விவசாயத்தை நம்பியிருப்பவர்களுக்கு வேறு படிவம் உண்டு. எதிர்தரப்புக்கு நான்கு வாரம் அவகாசம். இழுத்தடித்தால் இரண்டு வாய்ப்புகளுக்கு மேல் தரக் கூடாது. வேண்டுமென்றே தாமதிப்பவரின் எதிர்வாதத்தையே நீக்கிவிடலாம். பத்திரங்கள் வந்தபின் நான்கிலிருந்து ஆறு மாதத்துக்குள் இடைக்கால உத்தரவு போட முயல வேண்டும். இவ்வளவு தெளிவாக இருந்தும் பல நீதிமன்றங்களில் பத்திரம் வாங்காமலே உத்தரவு போடப்பட்டது. 2023-ல் உச்ச நீதிமன்றம் இதைக் கவனித்து, பழைய தீர்ப்பை மறுபடியும் எல்லா நீதிமன்றங்களுக்கும் அனுப்பச் சொன்னது. உங்கள் வழக்கில் பத்திரம் இன்னும் தாக்கலாகவில்லை என்றால் அதைக் கேட்டு வாங்குவதுதான் முதல் வேலை.

சம்பளக்காரரின் வருமானத்தில் தகராறு பெரும்பாலும் "கைக்கு வருவது இவ்வளவுதான்" என்ற இடத்தில் வரும். ஒருவரின் மொத்தச் சம்பளம் 80,000 என்று வைத்துக்கொள்வோம். பி.எஃப்., தொழில் வரி போன்ற கட்டாயப் பிடித்தம் போக 75,000. அதற்கு மேல் அவராக விரும்பிக் கூடுதலாகக் கட்டும் பி.எஃப். 10,000, கூட்டுறவுச் சங்கக் கடன் 10,000, தனிநபர் கடன் ஈ.எம்.ஐ. 15,000 எல்லாம் போனால் வங்கிக் கணக்கில் விழுவது 40,000. நீதிமன்றத்தில் அவர் காட்டுவது அந்த 40,000-ஐத்தான். நீதிபதி எடுத்துக்கொள்ள வேண்டியது 75,000-ஐ. சட்டப்படி தவிர்க்க முடியாத பிடித்தத்தைத்தான் கழிக்கலாம் என்பது 1997-ன் ஜஸ்பீர் கௌர் சேகல் தீர்ப்பிலிருந்தே நிலைத்திருக்கும் நெறி. தானாக வாங்கிய கடனும் தானாகச் சேர்க்கும் சேமிப்பும் குழந்தையின் சாப்பாட்டுக்கு முன்னால் நிற்க முடியாது. வழக்கு வந்தபின் புதிதாக எடுத்த கடன் என்றால் இன்னும் மோசம். அதே நேரத்தில், வயதான பெற்றோரைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு, அவருக்கே உள்ள நோய்க்கான செலவு இவையெல்லாம் நியாயமான கழிவுகள். அவற்றையும் ஆவணத்தோடு காட்ட வேண்டும்.

இதைக் கண்டுபிடிக்கச் சம்பளச் சீட்டின் வலப்பக்கத்தைப் பாருங்கள். பிடித்தங்கள் வரிவரியாக இருக்கும். ஒரு மாதச் சீட்டு போதாது. ஆறு மாதச் சீட்டு, ஃபார்ம் 16 (நிறுவனம் ஆண்டுதோறும் தரும் சம்பள, வரிப்பிடித்தச் சான்று), வருமான வரிக் கணக்கு மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் போனஸ், ஊக்கத்தொகை, படிகள் எல்லாம் வெளியே வரும். மாதச் சீட்டில் தெரியாத ஆண்டு ஊக்கத்தொகை ஃபார்ம் 16-ல் மறையாது.

சொந்தத் தொழில் செய்பவர் விஷயம் கடினம். வருமான வரிக் கணக்கில் ஆண்டுக்கு மூன்று லட்சம் காட்டியிருப்பார். வீட்டுக் கடன் தவணையே மாதம் 30,000 கட்டிக்கொண்டிருப்பார். இங்கே வருமானத்தைத் தேடுவதைவிட செலவைத் தேடுவது பலன் தரும். வங்கிக் கணக்கில் ஆண்டுக்கு வந்து விழும் மொத்த வரவு, ஜி.எஸ்.டி. கணக்குகள், வாகனக் காப்பீடு, கிரெடிட் கார்டு பில், கடன் வாங்கும்போது வங்கியிடம் கொடுத்த வருமானச் சான்று ஆகியவற்றை வரவழைக்கும்படி நீதிமன்றத்தில் மனு போடலாம். கடன் விண்ணப்பத்தில் யாரும் வருமானத்தைக் குறைத்துச் சொல்வதில்லை. வேலையே இல்லை என்று சொல்பவருக்கும் வழி இல்லை. உடல் நலமாக உள்ளவர் கூலி வேலை செய்தாவது மனைவி குழந்தைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று 2022-ன் அஞ்சு கார்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அவருடைய படிப்பு, முந்தைய வேலை, குறைந்தபட்சக் கூலி இவற்றை வைத்து நீதிபதி ஒரு வருமானத்தை அனுமானித்துக்கொள்வார்.

குழந்தையின் செலவுப் பட்டியல்

வழக்குகள் ஜெயிப்பதும் தோற்பதும் இங்கேதான். ஆனால் பலர் கடைசி நாளில் பத்து நிமிடத்தில் எழுதிக் கொடுப்பதும் இதைத்தான். "சாப்பாடு 20,000, படிப்பு 15,000, இதர செலவு 10,000" என்று முழு எண்களாக எழுதினால் எதிர்தரப்பு வக்கீலுக்குக் குறுக்கு விசாரணை சுலபமாகிவிடும். ஒரு வரிக்கு ரசீது இல்லை என்று நிரூபித்தால் போதும், முழுப் பட்டியலும் ஆட்டம் காணும்.

ஒழுங்காக எழுதினால் எப்படி இருக்கும்? எட்டு வயதுக் குழந்தை, தாயோடு வாடகை வீட்டில் இருக்கிறது என்று கொள்வோம். வாடகை 12,000. வீட்டில் இருப்பது இரண்டு பேர், எனவே குழந்தையின் பங்கு 6,000. பள்ளிக் கட்டணம் ஆண்டுக்கு 72,000. பன்னிரண்டால் வகுத்தால் மாதம் 6,000. வேன் 1,500. புத்தகம், சீருடை, ஷூ ஆண்டுக்கு 9,600, மாதத்துக்கு 800. உணவு 4,500. மருத்துவம் 1,000, காப்பீட்டு பிரீமியத்தில் குழந்தையின் பங்கு 600. துணிமணி 700. ஒரு பாட்டு வகுப்போ விளையாட்டுப் பயிற்சியோ 1,500. மின்சாரம், கேஸ், இணையத்தில் பங்கு 1,200. மொத்தம் 23,800. முழு எண்ணாக 25,000 என்று எழுதுவதைவிட இந்த 23,800-க்கு நீதிபதி முன் எடை அதிகம், ஒவ்வொரு வரிக்கும் பின்னால் ஒரு காகிதம் இருப்பதால்.

இரண்டு இடத்தில் தவறு நடக்கிறது. ஒன்று, ஆண்டுக்கு ஒருமுறையோ பருவத்துக்கு ஒருமுறையோ வரும் செலவை விட்டுவிடுவது. பள்ளி சேர்க்கைக் கட்டணம், கண்ணாடி, பல் சிகிச்சை, பண்டிகைத் துணி எல்லாம் மாதக் கணக்கில் மறந்து போகும். பிறகு ஜூன் மாதம் வரும்போது கையில் பணம் இருக்காது. மற்றொன்று, வாடகையையும் மின்சாரத்தையும் தாயின் பட்டியலில் முழுதாகவும் குழந்தையின் பட்டியலில் பாதியாகவும் இரண்டு முறை எழுதுவது. கவனக்குறைவால் நடந்தாலும் அது பொய்க் கணக்காகத்தான் தெரியும். பிரமாணப் பத்திரத்தில் தெரிந்தே பொய் சொன்னால் பி.என்.எஸ்.எஸ். 379-வது பிரிவின் கீழ் தனி நடவடிக்கைக்கே இடம் உண்டு.

கூடுதல் பயிற்சி வகுப்புக்கான செலவையும் சேர்க்கலாம் என்று ரஜ்னேஷ் தீர்ப்பு சொல்கிறது. ஆடம்பரமாக இருக்கக் கூடாது, அவ்வளவுதான். பெற்றோர் சேர்ந்து இருந்தபோது குழந்தை எந்தப் பள்ளியில் படித்ததோ அதே பள்ளியில் தொடர்வதை நீதிமன்றங்கள் பொதுவாக ஏற்கும். பிரிந்த பிறகு ஒருவர் மட்டும் முடிவு செய்து இரண்டு மடங்கு கட்டணமுள்ள பள்ளிக்கு மாற்றினால் கேள்வி எழும். மாற்றுவதற்கு முன்பே மற்றவருக்குக் கடிதமோ மின்னஞ்சலோ அனுப்பிக் கேட்டு வைப்பது பின்னால் உதவும்.

யார் பங்கு எவ்வளவு

தாயும் வேலைக்குப் போனால் தந்தை தர வேண்டியதில்லை என்பது தவறு. இருவரும் சம்பாதிக்கும்போது குழந்தையின் செலவை வருமான விகிதத்தில் பிரித்துக்கொள்ள வேண்டும் என்று பத்மஜா சர்மா எதிர் ரத்தன் லால் சர்மா வழக்கில் 2000-ல் உச்ச நீதிமன்றம் காட்டியது. ஒவ்வொரு குழந்தைக்கும் மாதம் 3,000 ரூபாய் தேவை என்று கணக்கிட்டு, அதைத் தந்தையும் தாயும் 2:1 விகிதத்தில் ஏற்கச் சொன்னது. அமெரிக்க மாநிலங்கள் பலவற்றில் இதே தத்துவம் அட்டவணையாகவே இருக்கிறது. இங்கே அதைத் தீர்ப்பிலிருந்து எடுத்துப் பயன்படுத்த வேண்டும்.

மேலே சொன்ன குழந்தையின் தந்தைக்கு நிகரம் 75,000, தாய்க்கு 25,000 என்றால் விகிதம் 3:1. 23,800-ல் முக்கால் பங்கு 17,850 தந்தையுடையது. மிச்சம் 5,950 தாயுடையது. இந்தக் கணக்கில் ஒரு குறை இருக்கிறது. காலையில் எழுப்பிப் பள்ளிக்கு அனுப்பி, காய்ச்சலில் விடுப்பெடுத்து, வீட்டுப் பாடம் சொல்லிக் கொடுக்கும் உழைப்புக்கு இதில் விலை இல்லை. அந்த உழைப்பால் வேலை உயர்வையோ முழுநேர வேலையையோ இழந்திருந்தால் அதைப் பத்திரத்தில் ஆதாரத்தோடு எழுத வேண்டும். குழந்தை வளர்ப்புக்காக வேலையை விட்டதைக் கருத்தில் கொள்ளச் சொல்வது ரஜ்னேஷ் தீர்ப்பே. இதை வெறும் அனுதாபப் பேச்சாக விட்டுவிடுபவர்கள்தான் அதிகம்.

தாய்க்கு வருமானமே இல்லையென்றால் டெல்லி உயர் நீதிமன்றம் 2004-ல் அனுரிதா வோரா வழக்கில் சொன்ன பங்கு முறை உதவும். குடும்ப வருமானத்தை ஒரு கேக்காக எண்ணி, சம்பாதிப்பவருக்குச் சம்பாதிப்பதற்காகும் கூடுதல் செலவுக்காக இரண்டு பங்கு, மற்றவர்களுக்கு ஆளுக்கு ஒரு பங்கு. 75,000-ஐ நான்காகப் பிரித்தால் ஒரு பங்கு 18,750. தந்தைக்கு 37,500, தாய்க்கும் குழந்தைக்கும் தலா 18,750. டெல்லிக்கு வெளியே இது கட்டுப்படுத்தாது. ஆனாலும் கேட்கும் தொகை பொருத்தமானதா என்று சரிபார்க்க நல்ல அளவுகோல். குழந்தைகள் கூடினால் ஒரு பங்கு எப்படிச் சுருங்குகிறது என்பதையும் இது நேர்மையாகக் காட்டும்: இரண்டு குழந்தைகள் என்றால் ஐந்து பங்கு, ஆளுக்கு 15,000.

குழந்தையைப் பார்க்க விடவில்லை என்று பணத்தை நிறுத்துவதும், பணம் தரவில்லை என்று பார்க்க விடாமல் இருப்பதும் இரண்டுமே தவறு. இரண்டுக்கும் தனித்தனி மனு, தனித்தனி பரிகாரம். தந்தை வாங்கிக் கொடுத்த சைக்கிளோ செல்போனோ பராமரிப்புத் தொகையில் கழியாது.

எந்த நாளிலிருந்து, எந்த வயது வரை

தொகை மனு தாக்கலான நாளிலிருந்து கணக்கிடப்பட வேண்டும் என்பதை ரஜ்னேஷ் தீர்ப்பு பொது விதியாக்கிவிட்டது. 2025 ஜனவரி முதல் தேதி மனு, 2026 அக்டோபர் கடைசியில் உத்தரவு என்றால் 22 மாதம். 17,850 வீதம் 3,92,700 ரூபாய். இடையில் இடைக்கால உத்தரவின்படி மாதம் 10,000 வீதம் 14 மாதம் வந்திருந்தால் அந்த 1,40,000-ஐக் கழித்து நிலுவை 2,52,700. உத்தரவு நகல் கைக்கு வந்ததும் தேதி பற்றிய வரியை முதலில் படியுங்கள். அந்த வரி இல்லாவிட்டால் உடனே திருத்தம் கேட்க வேண்டும்.

குழந்தை வளர வளரத் தொகை தானாக வளராது. உத்தரவிலோ சமரச ஒப்பந்தத்திலோ உயர்வு எழுதப்பட்டிருக்க வேண்டும். 2025 மே மாதம் ராக்கி சாதுகான் வழக்கில் உச்ச நீதிமன்றம் மனைவிக்கு மாதம் 50,000 நிர்ணயித்து இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை 5 சதவீதம் உயரும் என்றது. அதையே மாதிரியாகக் கேட்கலாம். ஆனால் பள்ளிக் கட்டணம் இதைவிட வேகமாக ஏறும். அதனால் கட்டணத்தை மட்டும் தனியே பிரித்து, "பள்ளி ரசீது வந்த பத்து நாளுக்குள் தந்தை இத்தனை பங்கை நேரடியாகப் பள்ளிக்குச் செலுத்துவார்" என்று எழுதிக்கொள்வது மேல். உயர்வே எழுதாமல் விட்டவர்களுக்கு, சூழ்நிலை மாறியதைக் காட்டி பி.என்.எஸ்.எஸ். 146-வது பிரிவில் தொகையை மாற்றக் கேட்கும் வழி இருக்கிறது. தந்தைக்கு வேலை போனால் குறைக்கக் கேட்கும் வழியும் அதுவே. உத்தரவு மாறும் வரை பழைய தொகை ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

வயது விஷயத்தில் பலர் ஏமாந்து போகிறார்கள். பொதுவாக 18 வயது வரைதான். உடல், மனக் குறைபாட்டால் தன்னைக் காத்துக்கொள்ள முடியாத பிள்ளைக்கு அதற்குப் பிறகும் உண்டு. திருமணமாகாத இந்து மகள், தன்னால் வாழ முடியாத நிலையில் இருந்தால், பராமரிப்புச் சட்டத்தின் 20(3) பிரிவில் கேட்கலாம் என்று 2020-ன் அபிலாஷா எதிர் பிரகாஷ் தீர்ப்பு உறுதி செய்தது. அதற்கு 144-வது பிரிவு (பழைய 125) போதாது, தனியாக அந்தச் சட்டத்தில் போக வேண்டும். மகனுக்கு அந்த வசதி இல்லை. பிளஸ் டூ முடித்துக் கல்லூரிக் கட்டணம் கட்டும் நேரத்தில்தான் 18 வயது நிறையும். பரஸ்பர சம்மத விவாகரத்து என்றால் "முதல் பட்டப்படிப்பு முடியும் வரை" என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கிவிடுங்கள். அந்த ஒப்பந்தத்தில் "குழந்தைக்கு இனி எதுவும் கேட்க மாட்டேன்" என்று தாய் கையெழுத்துப் போட்டிருந்தாலும் குழந்தையின் உரிமை அழிந்துவிடாது. தாய் தன் உரிமையைத்தான் விட முடியும்.

பணம் வராவிட்டால்

144-வது பிரிவின் உத்தரவுக்குப் பணம் கட்டாவிட்டால் நிறைவேற்றல் மனு போட வேண்டும். பாக்கியான ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை விதிக்கலாம். சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது என்று 1989-ல் குல்தீப் கௌர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சிறை என்பது பணம் கட்ட வைப்பதற்கான நெருக்கடி, கட்டியதாக அர்த்தமில்லை. ஆனால் இந்தப் பிரிவில் ஒரு கெடு இருக்கிறது. தொகை பாக்கியான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போடாவிட்டால் அந்த மாதத்துக்கு வாரண்ட் கேட்க முடியாது. "எப்படியும் தருவார்" என்று இரண்டு வருடம் காத்திருப்பவர்கள் முதல் வருடப் பாக்கியை இந்த வழியில் இழக்கிறார்கள். பத்து மாதப் பாக்கி சேர்ந்ததும் ஒரு மனு என்று வைத்துக்கொள்வது பாதுகாப்பு.

சம்பளக்காரர் என்றால் சிறையைவிட சம்பளப் பற்றுகைதான், அதாவது சம்பளத்திலிருந்தே தொகையைப் பிடிப்பதுதான், பலன் தரும். பராமரிப்புக்கான தீர்ப்பில் சம்பளத்தின் மூன்றில் ஒரு பங்குக்குத்தான் பாதுகாப்பு, மிச்ச இரண்டு பங்கைப் பற்றலாம் என்கிறது சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60-வது பிரிவு. குடும்ப வன்முறைச் சட்டத்தில் உத்தரவு வாங்கியிருந்தால் 20(6) பிரிவின்படி நேரடியாக முதலாளிக்கே உத்தரவிடக் கேட்கலாம். இதற்கு அவருடைய நிறுவனத்தின் பெயரும், சம்பளம் போடும் அலுவலகத்தின் முகவரியும் மனுவில் இருக்க வேண்டும். வேலை மாறியிருந்தால் புதிய விவரத்தைத் தரும்படி அவரிடமே பத்திரம் கேட்கச் செய்யலாம்.

தொகை வங்கிக் கணக்குக்கே வரட்டும். ரொக்கமாக வாங்க வேண்டாம். மாதம் 5-ஆம் தேதி என்று நாளும் கணக்கு எண்ணும் உத்தரவில் இருந்தால் பாக்கியைக் காட்ட பாஸ்புக் ஒன்றே போதும். வக்கீல் கட்டணம் கட்ட முடியாதவர்கள் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பே இல்லாமல் இலவச வக்கீல் உண்டு. நிறைவேற்றல் மனுவுக்கும் அது செல்லும்.